திங்கட்கிழமை வந்தால் ஏன் உடம்பும் மனசும் கனக்கிறது?

“திங்கட்கிழமை காலை கண் விழித்ததுமே நெஞ்சில் ஒரு பாரம். தலை விண்ணென்று தெறிக்கிறது. அலுவலகத்தில் மதியம் வரை ஒரு வேலையும் ஓடுவதில்லை. ராத்திரி போனை எடுத்தால் தேவையே இல்லாத எதையாவது ஆர்டர் போட்டுவிட்டுத்தான் படுக்கிறேன். ரிட்டையர் ஆகி நாலு வருஷமான என் அப்பாவுக்கும் ஞாயிறு ராத்திரி தூக்கம் வருவதில்லை. இது சோம்பலா, மனப்பிரமையா, இல்லை உடம்பில் உண்மையிலேயே ஏதாவது நடக்கிறதா?” இதுதான் நீங்கள் கேட்டது.

முதலில் ஒன்று. நெஞ்சில் பாரம் என்று எழுதியிருக்கிறீர்கள். மனக்கனத்தைத்தான் அப்படிச் சொல்கிறீர்கள் என்று எடுத்துக்கொண்டு பதில் எழுதுகிறேன். நெஞ்சை அழுத்துகிற மாதிரி வலி, இடது கையிலோ தாடையிலோ இழுக்கிற மாதிரி வலி, வியர்வை, மூச்சுத் திணறல் என்று ஏதாவது இருந்தால் இதை மேற்கொண்டு படிக்க வேண்டாம். இன்றே டாக்டரைப் பாருங்கள்.

இனி உங்கள் கேள்வி. சோம்பல் இல்லை. பிரமையும் இல்லை. உடம்பில் அளந்து பார்க்கக்கூடிய மாற்றங்கள் நடக்கின்றன. அதே நேரம் அந்தக் கிழமைக்கென்று தனியாக ஒரு விஷமும் கிடையாது. வெள்ளி சாயங்காலத்திலிருந்து ஞாயிறு இரவு வரை நீங்கள் ஒரு வாழ்க்கை வாழ்கிறீர்கள், திங்கள் காலையிலிருந்து வேறொரு வாழ்க்கை. இரண்டுக்கும் நடுவில் பள்ளம் எவ்வளவு ஆழமோ அவ்வளவுக்குத் திங்களன்று அடி விழும். தொழிலாளர் உடல்நலம் பார்க்கிற டாக்டராகப் பல வருஷம் இருந்துவிட்டேன். நான் பார்த்ததும் படித்ததும் சேர்ந்து எனக்குச் சொல்வது இதைத்தான். அந்தப் பள்ளம் தூக்கத்தில் இருக்கிறது, கூட இருக்கிற மனிதர்களில் இருக்கிறது, நம் நேரம் யார் கையில் என்பதில் இருக்கிறது.

தூக்கத்திலிருந்து தொடங்குகிறேன். ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். வார நாளில் இரவு 11 மணிக்குப் படுத்துக் காலை 6 மணிக்கு எழுகிறவருடைய தூக்கத்தின் நடுப்புள்ளி அதிகாலை 2:30. அதே ஆள் சனி இரவு 1:30-க்குப் படுத்து ஞாயிறு காலை 9:30-க்கு எழுந்தால் நடுப்புள்ளி 5:30 ஆகிவிடுகிறது. மூன்று மணி நேரம் தள்ளிப் போய்விட்டது. மூன்று மணி நேர வித்தியாசமுள்ள ஒரு நாட்டுக்கு வெள்ளிக்கிழமை பறந்து போய், ஞாயிறு இரவு திரும்பி வந்து, மறுநாள் காலை வேலைக்குப் போவதும் இதுவும் உடம்புக்கு ஒன்றுதான். ஜெர்மனியில் மியூனிக் பல்கலைக்கழகத்தில் இருந்த டில் ரோனபெர்க் இந்த வித்தியாசத்தை அளந்து அதற்கு ‘சமூக ஜெட்லாக்’ என்று பெயர் வைத்தார். அவரும் உடன் ஆய்வாளர்களும் 2006-இல் அந்தக் கட்டுரையை வெளியிட்டார்கள். பிறகு 2012-இல் சுமார் 65,000 பேரின் தூக்கக் கணக்கை வைத்துப் பார்த்தபோது, மூன்றில் இரண்டு பங்குக்கும் மேலானவர்களுக்கு ஒரு மணி நேரமாவது இந்த வித்தியாசம் இருந்தது.

தள்ளிப் போன கடிகாரம் சட்டென்று திரும்பி வராததற்கும் காரணம் இருக்கிறது. மூளைக்குள் இருக்கும் கடிகாரம் சரியாக 24 மணி நேரத்துக்கு ஓடுவதில்லை. வெளிச்சமே படாமல் விட்டால் பெரும்பாலானவர்களுக்கு 24 மணி நேரத்துக்கு மேல் பத்துப் பன்னிரண்டு நிமிஷம் போல எடுத்துக்கொள்ளும். அதனால் பின்னால் தள்ளிப் போவது அதற்கு எளிது, முன்னால் இழுத்து வருவது கஷ்டம். தினமும் காலை வெளிச்சம்தான் அதை முன்னால் இழுத்து நேராக்குகிறது. சனி, ஞாயிறு இரண்டு நாளும் திரைச்சீலையைப் போட்டுக்கொண்டு ஒன்பது மணி வரை படுத்திருந்தால் அந்த வெளிச்சம் தவறிப் போகிறது. போதாததற்கு இரவு வெகுநேரம் வரை கண்ணில் விழுவது போன் திரையின் வெளிச்சம், அது இன்னும் பின்னால் தள்ளுகிறது. ஆஸ்திரேலியாவில் அடிலெய்டில் செய்த ஒரு பரிசோதனையில், வார இறுதியில் காலையில் கூடுதலாகத் தூங்கவிட்டதும், தூங்கும் நேரம் வந்துவிட்டது என்று உடம்புக்குச் சொல்லும் மெலடோனின் ஹார்மோன் சுரக்கும் நேரம் முக்கால் மணி நேரம் போலப் பின்னால் போனது. அசதி ஞாயிறோடு போய்விடவும் இல்லை, அடுத்த வாரத் தொடக்கத்திலும் இருந்தது.

இப்போது ஞாயிறு இரவைப் பாருங்கள். நாளைக்கு வேலை என்று பத்தரை மணிக்கே விளக்கை அணைத்துப் படுக்கிறீர்கள். உடம்பின் கணக்குப்படி படுக்கிற நேரம் இன்னும் வரவில்லை. தூக்கம் வராது. இருட்டில் சும்மா படுத்திருக்கிற மூளைக்குக் கையில் கிடைப்பது நாளைய வேலைதான். முடிக்காத அறிக்கை, பதில் போடாத ஈமெயில், வெள்ளிக்கிழமை மேனேஜர் சொன்ன ஒரு வார்த்தை எல்லாம் வரிசையாக வந்து நிற்கும். பதற்றத்தால் தூக்கம் கெட்டது என்று நீங்கள் நினைப்பீர்கள். பெரும்பாலும் தூக்கம் முதலில் பின்தங்குகிறது, பதற்றம் அந்தக் காலி நேரத்தில் வந்து உட்கார்ந்துகொள்கிறது.

அடுத்து இதயம். ஐம்பது வயது தாண்டிய ஒருவர் என்னிடம் வழக்கமாகச் சோதனைக்கு வருவார். ஒரு திங்கள் காலை ஒன்பதேகாலுக்கு வந்து உட்கார்ந்தார். கையில் பட்டையைச் சுற்றிக் காற்றடித்தால் பிபி 158-க்கு 96. என்ன விஷயம் என்று கேட்டேன். வருகிற வழியில் போனைத் திறந்தாராம், குழுவில் பதினேழு செய்தி. பட்டையைக் கழற்றாமலே பத்து நிமிஷம் பேசாமல் உட்கார வைத்து மறுபடி பார்த்தேன், கொஞ்சம்தான் இறங்கியிருந்தது. அதே வாரம் வியாழக்கிழமை, அதே நேரம், அதே நாற்காலி, 134-க்கு 84. ஒருவரை வைத்து எதையும் நிரூபிக்க முடியாது என்று எனக்குத் தெரியும். ஆனால் அதற்குப் பிறகு எந்தக் கிழமை, எத்தனை மணி என்று எழுதாமல் நான் பிபி குறிப்பதே இல்லை.

பெரிய எண்ணிக்கையில் பார்த்தவர்களுக்கும் இது தெரிந்திருக்கிறது. கனடாவின் மனிடோபாவில் 3,983 ஆண்களைப் பல பத்தாண்டுகள் தொடர்ந்து கவனித்தார்கள். அவர்களிடையே திடீர் இதய மரணங்கள் திங்களன்று கூடுதலாக இருந்ததை 1980-இல் எழுதினார்கள். ஜெர்மனியின் ஆக்ஸ்பர்க் வட்டாரத்து மாரடைப்புப் பதிவேட்டை ஆராய்ந்து 1994-இல் வந்த ஆய்வு இன்னும் ஒரு படி மேலே போனது. வேலைக்குப் போகிறவர்களுக்குத் திங்களன்று மாரடைப்பு 33 சதவீதம் கூடியிருந்தது. வேலைக்குப் போகாதவர்களிடம் அப்படி ஒரு மேடு தெரியவில்லை. அயர்லாந்துத் தீவு முழுவதும் 2013 முதல் 2018 வரை மருத்துவமனையில் சேர்ந்த 10,528 பேரின் கணக்கு 2023-இல் ஒரு மருத்துவ மாநாட்டில் வந்தது. ரத்தக்குழாய் முழுசாக அடைத்துக்கொள்ளும் கடுமையான வகை மாரடைப்பு இது. திங்களன்று எதிர்பார்ப்பதைவிட 13 சதவீதம் அதிகம்.

காலையில் விழித்து எழும்போது எல்லாருக்கும் கார்டிசால் என்கிற மன அழுத்த ஹார்மோன் ஏறுகிறது, ரத்த அழுத்தம் ஏறுகிறது, ரத்தத்தை உறைய வைக்கும் தட்டணுக்கள் கொஞ்சம் எளிதாக ஒட்டிக்கொள்கின்றன. தினமும் நடப்பதுதான். திங்களன்று தூக்கக் குறையும் கவலையும் இதன் மேல் ஏறி உட்காருகின்றன. ஏற்கனவே ரத்தக்குழாயில் கொழுப்புப் படிந்திருப்பவருக்கு அந்தக் கூடுதல் சுமை போதும்.

இதில் தூக்கத்தின் பங்கு எவ்வளவு என்று பிரித்துப் பார்க்க இயல்பாகவே ஒரு வாய்ப்பு கிடைத்தது. கோடைக்குக் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளி வைக்கிற நாடுகள் பெரும்பாலும் அதை ஞாயிறு அதிகாலையில் செய்கின்றன. ஸ்வீடனின் பதிவேடுகளை வைத்து 2008-இல் வந்த ஆய்வு, அப்படித் தூக்கம் ஒரு மணி நேரம் பறிபோன வாரத்தின் முதல் மூன்று வேலை நாட்களில் மாரடைப்பு கூடியதையும், வாரம் முழுவதையும் சேர்த்துப் பார்த்தால் 5 சதவீதம் போலக் கூடியதையும் காட்டியது. இலையுதிர் காலத்தில் அந்த ஒரு மணி நேரம் திரும்பக் கிடைக்கும்போது, அந்தத் திங்களன்று எண்ணிக்கை குறைந்தது. அதே அலுவலகம், அதே மேனேஜர், அதே திங்கள். மாறியது ஒரு மணி நேரத் தூக்கம்.

பயந்துவிடாதீர்கள். 13 சதவீதம், 33 சதவீதம் எல்லாம் ஏற்கனவே இருக்கிற ஆபத்தின் மேல் கூடுகிற பங்கு. முப்பது வயதில், சர்க்கரையும் பிபியும் புகையும் இல்லாத ஒருவருக்கு அந்த அடிப்படை ஆபத்தே மிகச் சிறிது. அதோடு இந்தக் கணக்குகளில் இன்னொன்றும் கலந்திருக்கலாம். ஞாயிறன்று நெஞ்சு வலித்தால் “நாளைக்குக் காலையில் பார்த்துக்கொள்ளலாம்” என்று தள்ளிப்போடுகிறவர்கள் நிறையப் பேர். அவசர சிகிச்சைப் பிரிவில் வேலை பார்த்த யாரைக் கேட்டாலும் வாரத்திலேயே நெரிசலான நாள் திங்கள் என்பார்கள். அந்தக் கூட்டத்தில் ஒரு பகுதி ஞாயிறே வந்திருக்க வேண்டியவர்கள். மாரடைப்பில் ஒவ்வொரு நிமிஷமும் இதயத் தசை செத்துக்கொண்டிருக்கிறது. அது விடுமுறை பார்ப்பதில்லை.

மனநிலைக்கு வருகிறேன். இங்கேதான் நான் முன்பு நினைத்திருந்தது தவறு என்று புரிந்தது. அமெரிக்காவில் ஆர்தர் ஸ்டோன் தலைமையில் ஒரு குழு, தொலைபேசியில் 3,40,000 பேரிடம் “நேற்று எப்படி இருந்தது?” என்று கேட்ட கணக்கை 2012-இல் வெளியிட்டது. சனி, ஞாயிறு மனநிலை நன்றாக இருந்தது. வெள்ளி கொஞ்சம் நன்றாக இருந்தது. திங்கள்? செவ்வாய், புதன், வியாழன் மூன்றோடும் சேர்த்து வைத்துப் பார்த்தால் வித்தியாசமே இல்லை. புதன்கிழமை மதியம் நாம் அதே அளவு சோர்ந்துதான் இருக்கிறோம். திங்களன்று மட்டும் அது நமக்குத் தெரிகிறது, ஏனென்றால் முந்தின நாள் இன்னும் கண்முன் நிற்கிறது. சிட்னி பல்கலைக்கழகத்தில் செய்த வேறொரு ஆய்வில், ஆட்கள் பழைய திங்கட்கிழமைகளை நினைவிலிருந்து சொல்லும்போது, அன்றன்றே குறித்து வைத்ததைவிட மோசமாகச் சொன்னார்கள். நினைவு திங்களின் மேல் கொஞ்சம் கூடுதல் கறுப்பைப் பூசிவிடுகிறது. ஆக, நீங்கள் படும் கஷ்டம் உண்மைதான், அது திங்களோடு முடிவதில்லை என்பதையும் கவனித்துப் பாருங்கள். புதன் இரவு உட்கார்ந்து அன்றைய நாளுக்குப் பத்துக்கு எத்தனை என்று ஒரு மதிப்பெண் போட்டு வையுங்கள். நாலு வாரம் போட்டால் போதும், உங்கள் எதிரி திங்களா வேலையா என்று தெரிந்துவிடும்.

வேலைதான் என்று தெரிந்தால் அடுத்த கேள்வி, வேலையில் எது? கனடியப் பொருளாதார அறிஞர் ஜான் ஹெல்லிவெல், ஷுன் வாங் என்பவரோடு சேர்ந்து இதைத்தான் தேடினார். வார இறுதிக்கும் வார நாளுக்கும் மனநிலையில் உள்ள இறக்கம் எல்லாருக்கும் ஒரே அளவில் இல்லை. மேலதிகாரி ‘அதிகாரி’யாக இல்லாமல் கூட வேலை பார்ப்பவர் மாதிரி இருக்கிறார், இடத்தில் ஒருவரை ஒருவர் நம்பிப் பேச முடிகிறது என்று சொன்னவர்களுக்கு அந்த இறக்கம் சிறியது. நம்பிக்கை இல்லாத இடத்தில் வேலை பார்ப்பவர்களுக்குப் பெரியது. ஞாயிறு சாயங்காலமே வயிற்றைப் பிசைகிறது என்று என்னிடம் வந்தவர்களில், வேலை அதிகம் என்று சொன்னவர்களைவிட, ஒரு ஆளின் பெயரைச் சொன்னவர்கள்தான் அதிகம். இதை மேனேஜராக இருக்கிற யாராவது படித்தால், தயவுசெய்து இந்த வரியில் கொஞ்சம் நின்று யோசியுங்கள்.

இன்னொரு முடிச்சும் இருக்கிறது. வேலையே இல்லாதவர்களும் சனி, ஞாயிறில் சந்தோஷமாக இருக்கிறார்கள், திங்களன்று தளர்கிறார்கள். கிறிஸ்டோபல் யங், சேயூன் லிம் என்ற இரண்டு சமூகவியலாளர்கள் 2014-இல் இதைக் காட்டினார்கள். வேலைக்குப் போகாதவருக்குத் திங்களன்று என்ன பறிபோகிறது? மனிதர்கள். வார இறுதியில் வீட்டில் ஆள் இருக்கிறார்கள், நண்பர்களுக்கு நேரம் இருக்கிறது. திங்கள் காலை கதவு சாத்தப்படுகிறது, வீடு அமைதியாகிவிடுகிறது. ஓய்வு என்பது தனித்தனியாக எடுத்துக்கொள்ளும் பொருளாக இருந்தால் எந்த நாளில் கிடைத்தால் என்ன? எல்லாருக்கும் ஒன்றாகக் கிடைப்பதில்தான் அதன் பாதி மதிப்பு இருக்கிறது.

சோவியத் ஒன்றியம் இதைப் பெரிய விலை கொடுத்துத் தெரிந்துகொண்டது. இயந்திரங்கள் ஒரு நாளும் நிற்கக் கூடாது என்று 1929-இல் ஏழு நாள் வாரத்தையே எடுத்துவிட்டு, நான்கு நாள் வேலை, ஐந்தாம் நாள் ஓய்வு என்று கொண்டுவந்தார்கள். தொழிலாளர்களை ஐந்து பிரிவாகப் பிரித்து ஆளுக்கொரு நிறம் கொடுத்தார்கள். எந்த நாளிலும் ஐந்தில் ஒரு பங்கு ஆட்களுக்கு ஓய்வு. கணக்குப்படி பார்த்தால் முன்பைவிட அடிக்கடி விடுமுறை. ஆனால் கணவனுக்கு ஒரு நிறம், மனைவிக்கு ஒரு நிறம், பிள்ளைக்குப் பள்ளிக்கூடம் வேறொரு நாள். தனியாக வருகிற விடுமுறையை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்ற முறையீடுகள் குவிந்தன. 1931-இல் அது ஆறு நாள் வாரமாக மாறி எல்லாருக்கும் பொதுவான ஓய்வு நாள் வந்தது. 1940-இல் பழைய ஏழு நாள் வாரமே திரும்பியது. திங்கட்கிழமையை ஒழித்துக்கட்டிய அந்தப் பதினோரு வருஷமும் யாருக்கும் நிம்மதி தரவில்லை.

இங்கே கனமான ஒரு செய்தியையும் சொல்லியாக வேண்டும். 26 நாடுகளில் 740 இடங்களிலிருந்து 1971 முதல் 2019 வரையிலான 17 லட்சம் தற்கொலைகளின் பதிவை ஆராய்ந்து 2024-இல் வெளியான ஆய்வில், வார நாட்களில் திங்களன்று எண்ணிக்கை கூடுதலாக இருந்தது. உங்கள் கடிதத்தில் அப்படி எதுவும் தொனிக்கவில்லை. ஆனாலும் இதைப் படிக்கிற வேறு யாருக்காவது, “இன்னொரு வாரத்தை எப்படித் தாண்டுவது” என்பது “வாழ்ந்து என்ன” என்று மாறியிருந்தால், அந்த இரவே பக்கத்தில் இருக்கிற ஒருவரிடம் வாய்விட்டுச் சொல்லிவிடுங்கள். உதவி எண்ணுக்குப் பேசலாம், மனநல டாக்டரைப் பார்க்கலாம். விடியட்டும் என்று காத்திருக்க வேண்டாம். ஜனவரி மாதத்தில் ஒரு திங்களை ‘வருஷத்திலேயே மிகச் சோகமான நாள்’ என்று சூத்திரம் போட்டுச் சொல்வார்களே, அதை நம்ப வேண்டாம். அது 2005-இல் ஒரு பயண நிறுவனத்தின் விளம்பரத்துக்காக உருவானது. உண்மையான மனச்சோர்வு நாட்காட்டி பார்த்து வருவதில்லை.

வேலை ஓடவில்லை என்றீர்கள். அது புதுசு இல்லை. பதினேழாம் நூற்றாண்டிலிருந்து பத்தொன்பதாம் நூற்றாண்டு வரை இங்கிலாந்தின் கைத்தொழிலாளர்கள் பலர் திங்களன்று பட்டறைக்கே போகமாட்டார்கள். செருப்புத் தைப்பவர், நெசவாளர், அச்சுக் கோப்பவர் என்று பலரிடமும் அந்த வழக்கம் இருந்தது. சனியன்று கூலி, ஞாயிறு ஓய்வு, திங்களும் ஓய்வு. அதற்கு ‘புனிதத் திங்கள்’ என்று பெயரே வைத்திருந்தார்கள். லண்டன் அச்சகத்தில் வேலை பார்த்த இளம்வயது பெஞ்சமின் பிராங்க்ளின், தான் அந்தப் புனிதத் திங்களை எடுத்துக்கொள்ளாததால் முதலாளிக்குத் தன்னைப் பிடித்துப்போனது என்று சுயசரிதையில் எழுதியிருக்கிறார். ஆலைச் சங்கு வந்த பிறகு அந்தப் பழக்கம் தேய்ந்து, அதற்குப் பதிலாகச் சனி மதிய விடுமுறை வந்தது.

திங்களன்று லீவு கேட்கிறவரையும், முதுகு பிடித்துக்கொண்டது என்கிறவரையும் சந்தேகக் கண்ணோடு பார்ப்பது இன்றும் இருக்கிறது. முதுகுப் பிடிப்பு, தசை இழுப்பு போன்ற காயங்கள் திங்களன்று அதிகம் பதிவாகின்றன என்பது உண்மை. வார இறுதியில் வீட்டில் அடிபட்டதை வேலையில் பட்டதாகச் சொல்லி இழப்பீடு வாங்குகிறார்கள் என்று பலர் நம்பினார்கள். பின்னாளில் நோபல் பரிசு பெற்ற டேவிட் கார்டு, பிரையன் மெக்கால் என்பவரோடு சேர்ந்து 1996-இல் அதைச் சோதித்தார். ஏமாற்றுதான் காரணம் என்றால், சொந்த மருத்துவக் காப்பீடு இல்லாதவர்கள்தான் திங்களன்று அதிகம் இழப்பீடு கேட்க வேண்டும். அப்படி இல்லை. இரண்டு நாள் ஓய்ந்திருந்த தசை, குறைந்த தூக்கம், அதன் மேல் திடீரென்று பாரம் என்கிற விளக்கமே எனக்குப் பொருத்தமாகப் படுகிறது. அமெரிக்கச் சுரங்கங்களின் விபத்துப் பதிவை வைத்துச் செய்த இன்னொரு ஆய்வில், கடிகாரத்தை முன்னால் தள்ளிய மறுநாள் திங்களன்று காயங்கள் 5.7 சதவீதம் கூடின. காயத்தால் இழந்த வேலை நாட்கள் மூன்றில் இரண்டு பங்கு போலக் கூடின. வேறொரு கணக்கெடுப்பின்படி அன்று வேலைக்குப் போகிறவர்கள் தூங்கியது சராசரியாக 40 நிமிஷம் குறைவு, அவ்வளவுதான். இதெல்லாம் தெரிந்த பிறகும் திங்கள் காலை ஒன்பது மணிக்கு டார்கெட் மீட்டிங் வைக்கிறார்கள் என்றால் எனக்கு வருத்தமாக இருக்கிறது. அதைச் செவ்வாய்க்கு மாற்ற ஒரு பைசா செலவில்லை.

செலவு விஷயத்தில் உங்களை நீங்களே மிகவும் திட்டிக்கொள்கிறீர்கள். சோகத்தில் இருக்கும்போது பொருளின் மதிப்பு நம் கண்ணுக்கு மாறித் தெரிகிறது. 2008-இல் வெளியான ஒரு பரிசோதனையில், சோகமான காட்சி ஒன்றைப் பார்த்தவர்கள் ஒரு சாதாரணத் தண்ணீர் பாட்டிலுக்குக் கொடுக்கத் தயாராக இருந்த தொகை, மற்றவர்களைவிட ஏறக்குறைய நான்கு மடங்கு. சோகம் தங்கள் முடிவை மாற்றியது என்று அவர்களுக்கே தெரியவில்லை. வாங்குவது கொஞ்சம் ஆறுதல் தருவதும் உண்மைதான். எதை வாங்குவது என்று தேர்ந்தெடுக்கிற செயல், கைவிட்டுப் போன கட்டுப்பாட்டைத் திரும்பத் தருவதாகத் தோன்றச் செய்து, சோகத்தைத் தணிக்கிறது. நாள் முழுக்க உங்கள் நேரம் மற்றவர்கள் கையில். இரவு பத்தரை மணிக்கு, போனில், “இது வேண்டும், இது வேண்டாம், நீல நிறம், பெரிய அளவு” என்று முடிவெடுக்கிறவர் நீங்கள். அந்த இன்பம் எனக்குப் புரிகிறது. ஆனால் கவனியுங்கள், அது தேர்ந்தெடுக்கும்போதே கிடைத்துவிடுகிறது. பணம் கட்டுவதால் கூடுதலாக எதுவும் வருவதில்லை. அதனால் ஆசை தீரப் பார்த்து, கார்ட்டில் போட்டு வையுங்கள். பணத்தைப் புதன் மாலை கட்டுங்கள். கார்டு எண்ணைச் செயலியில் சேமித்து வைக்காதீர்கள், ஓடிபி கேட்கிற அந்த அரை நிமிஷம்கூட உதவும்.

தீனிச் செலவுக்குத் தனிக் காரணம் உண்டு. சிகாகோ பல்கலைக்கழகத்தில் 12 இளைஞர்களை இரண்டு இரவு நாலு மணி நேரம் மட்டும் தூங்கவிட்டுப் பார்த்தார்கள். போதும் என்று சொல்லும் லெப்டின் 18 சதவீதம் குறைந்தது, பசியைத் தூண்டும் கிரெலின் 28 சதவீதம் கூடியது. தூக்கம் கெட்ட மறுநாள் இனிப்பும் பொரித்ததும் இழுப்பது மன உறுதி இல்லாததால் அல்ல.

கடைக்காரர்களும் திங்களை நன்றாகவே கவனித்து வைத்திருக்கிறார்கள். இணையக் கடைகள் தள்ளுபடி தருகிற திங்களுக்கு வைத்த ‘சைபர் மண்டே’ என்ற பெயரை 2005-இல் அமெரிக்கச் சில்லறை வணிகர் சங்கம் உருவாக்கியது. நீண்ட விடுமுறை முடிந்து திங்களன்று அலுவலகத்துக்கு வந்தவர்கள், அங்கே இருந்த வேகமான இணையத்தில் உட்கார்ந்து வாங்கித் தள்ளுவதைப் பார்த்துத்தான் வைத்தார்கள்.

திங்களுக்கு ஒரு நல்ல முகமும் இருக்கிறது. கேத்தரின் மில்க்மன் குழுவினர் 2014-இல் வெளியிட்ட ஆய்வில், ஒரு பல்கலைக்கழக ஜிம்முக்கு மாணவர்கள் வருவது வாரத் தொடக்கத்தில் மூன்றில் ஒரு பங்கு போலக் கூடியது. புகையை விடுவது எப்படி என்று இணையத்தில் தேடுவதும் பல மொழிகளில் திங்களன்றுதான் உச்சம். பழைய வாரத்தின் தவறெல்லாம் பழைய ஆளுடையது, இன்று புதுசு என்று மனசு ஒரு கோடு போட்டுக்கொள்கிறது. அந்த வேகத்தைப் பயன்படுத்துங்கள். நடக்கப் போங்கள், டாக்டரிடம் நேரம் வாங்குங்கள், சேமிப்புக்கு மாதாமாதம் தானாகப் பணம் போகும்படி வங்கியில் சொல்லி வையுங்கள். ஆண்டுச் சந்தா மட்டும் அன்று கட்டாதீர்கள். மாதச் சந்தா கட்டிய ஜிம் உறுப்பினர்களின் கணக்கைப் பார்த்த ஒரு அமெரிக்க ஆய்வில், அவர்கள் போன தடவைகளால் வகுத்தால் தடவைக்கு 17 டாலருக்கு மேல் ஆனது. பத்துத் தடவைச் சீட்டு வாங்கியிருந்தால் தடவைக்கு 10 டாலர்தான்.

என்ன செய்யலாம் என்று கேட்டால், நான் வெள்ளிக்கிழமையில் தொடங்கச் சொல்வேன். கிளம்புவதற்கு முன் இருபது நிமிஷம் ஒதுக்கி, முடியாமல் நிற்கிற ஒவ்வொரு வேலைக்கும் எப்போது, எங்கே உட்கார்ந்து, எந்த முதல் அடி என்று எழுதி வையுங்கள். முடியாத வேலையை மூளை கையில் பிடித்துக்கொண்டே இருக்கும், திட்டம் எழுத்தில் இருந்தால் பிடியைத் தளர்த்தும். ஞாயிறு இரவும் படுக்கப் போகுமுன் ஐந்து நிமிஷம் எழுதுங்கள். அமெரிக்காவின் பெய்லர் பல்கலைக்கழகத் தூக்க ஆய்வகத்தில், செய்யப்போகிற வேலைகளை எழுதிவிட்டுப் படுத்தவர்கள், செய்து முடித்தவற்றை எழுதியவர்களைவிட 9 நிமிஷம் முன்னால் தூங்கினார்கள். சனி, ஞாயிறில் வழக்கத்தைவிட ஒரு மணி நேரத்துக்கு மேல் தாமதமாக எழாதீர்கள். அசதியாக இருந்தால் மதியம் ஒரு குட்டித் தூக்கம் போடுங்கள், அது கடிகாரத்தை அவ்வளவாகத் தள்ளாது. திங்கள் காலை பத்து நிமிஷமாவது வெளி வெளிச்சத்தில் நில்லுங்கள். பிடித்த ஒருவரைச் சந்திப்பதை வெள்ளிக்கே வைத்துக்கொள்ளாமல் திங்கள் மாலைக்கு மாற்றிப் பாருங்கள். இதையெல்லாம் செய்தும் ஞாயிறு சாயங்காலம் வயிறு பிசைந்தால், வேலையிடத்தில் யார், என்ன என்பதைப் பேச வேண்டிய நேரம் வந்துவிட்டது. உங்கள் தூக்கத்தை மட்டும் திருத்தி அதைச் சரிசெய்ய முடியாது.

அப்பாவைப் பற்றிக் கேட்டதைக் கடைசியாக வைத்தேன், ஏனென்றால் உங்களைவிட அவரைப் பற்றித்தான் எனக்கு யோசனை. தலைமுடி மாதத்துக்கு ஒரு சென்டிமீட்டர் போல வளர்கிறது, வளரும்போது ரத்தத்திலுள்ள கார்டிசால் அதில் படிகிறது. அதனால் சில மாதத்து மன அழுத்தத்தின் பதிவு முடியில் கிடைக்கும். இங்கிலாந்தில் 3,500-க்கும் மேற்பட்ட முதியவர்களின் முடியை வைத்து ஹாங்காங் பல்கலைக்கழக ஆய்வாளர் ஒருவர் 2025-இல் வெளியிட்ட ஆய்வில், திங்களன்று பதற்றமாக இருந்ததாகச் சொன்னவர்களிடம் கார்டிசால் மற்றவர்களைவிட 23 சதவீதம் அதிகமாக இருந்தது. ஓய்வுபெற்றவர்களிடமும் அப்படியே. நாற்பது வருஷம் ஞாயிறு இரவில் விழித்துப் பழகிய உடம்பு, வேலை போன பிறகும் அதை விடுவதில்லை. அதனால் ஒரு திங்கள் காலை அவருடைய பிபியை அளந்து எழுதி வையுங்கள், ஒரு வியாழன் காலையிலும் அதே நேரத்துக்கு அளந்து வையுங்கள், இரண்டையும் அவருடைய டாக்டரிடம் காட்டுங்கள்.

இன்னொன்றையும் யோசித்துப் பாருங்கள். அவருக்குத் திங்கள் காலை என்பது நீங்கள் செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பிப் போகிற நேரம். இரண்டு நாள் பேச்சுச் சத்தம் இருந்த வீட்டில் அதற்குப் பிறகு அவர் மட்டும் இருக்கிறார். திங்கள் மதியம் சாப்பாட்டு நேரத்தில் அவருக்கு ஒரு போன் போடுங்கள். சாப்பிட்டீர்களா என்று கேட்டுவிட்டு வைத்துவிடாமல், காலையில் உங்களுக்கு எப்படிப் போனது என்று சொல்லுங்கள், அவருடைய முதல் மேலதிகாரி எப்படி இருந்தார் என்று கேளுங்கள்.